வன்னி 2024: 39,894 வாக்குக்கு இரண்டு ஆசனம், 32,232 வாக்குக்கு ஒன்று. கணக்கு எப்படி வருகிறது?

நாயாறு எழுதியது:

வணக்கம். 2024 நவம்பர் 14 இலங்கைப் பாராளுமன்றத் தேர்தலில் வன்னித் தேர்தல் மாவட்டத்தில் ஆசனம் பிரிந்த விதம் பற்றி வடிவாகத் தெரிந்தவர்கள் சொல்லுங்கோ. முடிவு இதுதான்:

தேசிய மக்கள் சக்தி (திசைகாட்டி) 39,894 – 2 ஆசனம்
ஐக்கிய மக்கள் சக்தி (தொலைபேசி) 32,232 – 1
இலங்கைத் தமிழரசுக் கட்சி (வீடு) 29,711 – 1
ஜனநாயக தமிழ்த் தேசியக் கூட்டணி (சங்கு) 21,102 – 1
இலங்கை தொழிலாளர் கட்சி 17,710 – 1

திசைகாட்டிக்கும் தொலைபேசிக்கும் இடையில் 7,662 வாக்குத்தான். அதற்கு ஒரு முழு ஆசனம் எப்படிக் கூடும்? 32,232 எடுத்தவருக்கும் 17,710 எடுத்தவருக்கும் ஒரே அளவு எப்படி? கடைத்தெருவில் ஆளுக்கொரு விளக்கம் சொல்லுகினம். சட்டத்தில் உள்ளபடி கணக்குப் போட்டுக் காட்டினால் நல்லது.

கணக்குப்பிள்ளை எழுதியது:

அரசியலமைப்பின் 99ஆவது உறுப்புரையில் இருக்கிற முறை இது. வன்னிக்கு ஆசனம் 6. வரிசையாகப் பாருங்கோ, ஒரு படியையும் தாண்டக் கூடாது.

முதலில் வெட்டுப்புள்ளி. மாவட்டத்தில் எண்ணப்பட்ட செல்லுபடியான வாக்கில் 5 சதவீதத்துக்குக் குறைவாக எடுத்த கட்சிகளும் சுயேச்சைக் குழுக்களும் ஆசனப் போட்டியிலிருந்து விழும். நிராகரிக்கப்பட்ட வாக்குகள் இந்தக் கணக்குக்குள் வராது. 2024இல் வன்னியில் செல்லுபடியான வாக்கு 1 லட்சத்து 95 ஆயிரத்துச் சொச்சம். ஆகவே வெட்டுப்புள்ளி 9,800 அளவில்.

இரண்டாவது போனஸ். மாவட்டத்தில் ஆகக் கூடிய வாக்கு எடுத்த கட்சிக்கு ஒரு ஆசனம் முதலே போய்விடும். எவ்வளவு வித்தியாசத்தில் முன்னுக்கு நிற்கிறது என்று சட்டம் பார்ப்பதில்லை. ஒரு வாக்கால் முன்னுக்கு நின்றாலும் அது முழு ஆசனம்தான். 39,894 எடுத்த திசைகாட்டிக்கு அது போனது.

மூன்றாவது, மிச்சம் 5 ஆசனம். வெட்டுப்புள்ளி தாண்டியவர்களின் மொத்த வாக்கை 5ஆல் பிரிக்க வேண்டும். நீங்கள் போட்ட ஐந்து பட்டியலையும் கூட்டினால் 1,40,649. அதை 5ஆல் பிரிக்க 28,129.8. தசமம் வந்தால் அடுத்த முழு எண்ணுக்கு ஏற்ற வேண்டும், ஆகவே 28,130. ஒரு ஆசனத்தின் 'விலை' இதுதான்.

திசைகாட்டி 39,894: ஒன்று, மீதி 11,764
தொலைபேசி 32,232: ஒன்று, மீதி 4,102
வீடு 29,711: ஒன்று, மீதி 1,581
சங்கு 21,102: இல்லை, மீதி 21,102
தொழிலாளர் கட்சி 17,710: இல்லை, மீதி 17,710

இதில் 3 ஆசனம் போய்விட்டது. இன்னும் 2 கிடக்கிறது. அது மீதி வாக்கு கூடியவருக்கு வரிசையாகப் போகும். 21,102க்கு ஒன்று, 17,710க்கு ஒன்று. முடிந்தது.

ஆக, திசைகாட்டியின் இரண்டாவது ஆசனம் போனஸால் வந்தது. சங்கும் தொழிலாளர் கட்சியும் மீதியால் வந்தவை. முழு விலை கொடுத்து வாங்கின ஆசனம் வன்னியில் மூன்றே மூன்று.

முறிகண்டியான் எழுதியது:

கணக்கு சரி. ஒரு சந்தேகம்: ஆறாவதாக இன்னொரு பட்டியலும் 5 சதவீதம் தாண்டியிருந்தால் மொத்தம் கூடி விலையும் கூடுமே. அப்போது தமிழரசுக் கட்சி 28,130ஐத் தாண்டினது பொய்த்துப் போகாதா? அதன் மீதி வெறும் 1,581தானே.

கணக்குப்பிள்ளை எழுதியது:

நல்ல கேள்வி. போட்டே பார்ப்போம். ஆறாவது பட்டியல் 17,700 எடுத்தது என்று வையுங்கோ, அதாவது தொழிலாளர் கட்சிக்கு 10 வாக்குக் குறைய. மொத்தம் 1,58,349. ஐந்தால் பிரித்து ஏற்றினால் 31,670. இப்போது வீடு முழு விலையை எட்டாது, 29,711 முழுவதும் மீதியாக நிற்கும். முழு விலை கொடுத்தவர்கள் திசைகாட்டியும் தொலைபேசியும் மட்டும். மிச்சம் 3 ஆசனம். மீதி வரிசை: வீடு 29,711, சங்கு 21,102, தொழிலாளர் கட்சி 17,710. அதே மூன்று பேர்.

முழு விலைக்குக் கொஞ்சம் குறைய நின்றால் பெரிய மீதியாக நிற்பீர்கள், மீதி வரிசையில் முதலில் ஏறுவீர்கள். இந்த முறையில் ஆபத்தான இடம் அதுவல்ல. விலையைத் தாண்டி இன்னும் ஒன்பதினாயிரம், பத்தாயிரம் வாக்கோடு நிற்பதுதான் ஆபத்து. அந்த வாக்கு பெரும்பாலும் வீணாகப் போகும். திசைகாட்டியின் 11,764 மீதிக்கு ஒன்றுமே கிடைக்கவில்லை, பாருங்கோ.

வவுனிக்குளம் எழுதியது:

இந்தக் கணக்கில் ஊரில் வழமையாக விடுகிற பிழைகளையும் சொல்ல வேணும். ஒவ்வொரு தேர்தல் இரவும் இதே பிழையோடு முகநூலில் 'ஆசன எதிர்வுகூறல்' ஓடுகிறது.

ஆகப் பெரிய பிழை 6ஆல் பிரிப்பது. போனஸைக் கழித்த பிறகுதான் பிரிக்க வேணும். 1,40,649ஐ 6ஆல் பிரித்தால் 23,442 வரும். அந்த விலையில் திசைகாட்டியின் மீதி 16,452 ஆகக் காட்டும், தொழிலாளர் கட்சிக்குக் கிட்ட வந்த மாதிரித் தெரியும். அது பொய்க் கிட்டம்.

அடுத்தது, வெட்டுப்புள்ளிக்குக் கீழே விழுந்தவர்களின் வாக்கைக் கழிக்காமல் பிரிப்பது. 1,95,800ஐ 5ஆல் பிரித்தால் 39,000க்கு மேல் போகும். திசைகாட்டிக்கு மட்டும் முழு ஆசனம் வரும், மற்ற எல்லாம் மீதியில் ஓடும். சில வேளை கடைசி விடை ஒத்துப் போகும், அதனால் பிழை பிடிபடாது. இன்னொரு வருடம் காலை வாரிவிடும்.

மூன்றாவது, 5 சதவீதத்தைப் பதிவு செய்த வாக்காளர் தொகையில் பார்ப்பது. இடாப்பில் உள்ளவர்கள் 3 லட்சத்தைத் தாண்டும். அதில் 5 சதவீதம் 15,000க்கு மேல். சின்னக் கட்சி ஒன்று 11,000 எடுத்துவிட்டு 'நாங்கள் விழுந்துவிட்டம்' என்று வீட்டுக்குப் போன கதையாகிவிடும்.

பாலைமரம் எழுதியது:

அந்த 11,000 கதை வன்னியில் உண்மையாகவே நடந்தது, ஆனால் அவர்கள் விழவில்லை. 2020 ஓகஸ்ட் தேர்தலை எடுங்கோ:

தமிழரசுக் கட்சி (தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு) 69,916 – 3
பொதுஜன பெரமுன (மொட்டு) 42,524 – 1
ஐக்கிய மக்கள் சக்தி 37,883 – 1
ஈழ மக்கள் ஜனநாயகக் கட்சி – ஈ.பி.டி.பி (வீணை) 11,310 – 1

மொத்தம் 1,61,633. ஐந்தால் பிரித்து ஏற்ற 32,327. கூட்டமைப்புக்கு 2, மீதி 5,262. மொட்டுக்கு 1, மீதி 10,197. தொலைபேசிக்கு 1, மீதி 5,556. வீணைக்கு முழு ஆசனம் இல்லை, மீதி 11,310. கிடந்தது ஒரு ஆசனம். வீணைக்கும் மொட்டுக்கும் இடையில் 1,113 வாக்கு. வீணைக்குப் போனது. கூட்டமைப்பின் மூன்றாவது ஆசனம் போனஸ்.

ஈ.பி.டி.பி எடுத்தது 5.44 சதவீதம். ஏறத்தாழ 900 வாக்குக் குறைந்திருந்தால் வெட்டுப்புள்ளிக்குக் கீழே போயிருக்கும். அப்படிப் போனால் அந்தப் பட்டியலே கணக்கிலிருந்து எடுபடும், மொத்தம் 1,50,323 ஆகும், விலை 30,065க்கு இறங்கும். மொட்டின் மீதி 12,459 ஆகி அவர்களுக்கு இரண்டாவது ஆசனம் வரும். அதாவது 900 வாக்கில் ஒரு ஆசனம் வீணையிலிருந்து மொட்டுக்கு மாறும் நிலை. 42,524 வாக்குக்கும் 11,310 வாக்குக்கும் ஒரே அளவு ஆசனம் என்று சனம் ஆச்சரியப்பட்டது. வெட்டுப்புள்ளி, விலை, மீதி மூன்றையும் சேர்த்துப் பார்த்தால்தான் அது விளங்கும்.

அடம்பன்குளம் எழுதியது:

2015ஐயும் போடுங்கோ, அப்போதுதான் இறக்கம் தெரியும். கூட்டமைப்பு 89,886, ஐக்கிய தேசியக் கட்சி (யானை) 39,513, ஐக்கிய மக்கள் சுதந்திர முன்னணி 20,965. விலை 30,073. கூட்டமைப்புக்கு முழு விலையில் 2, மீதி 29,740. மூன்றாவதுக்கு 333 வாக்குக் குறைவு, ஆனாலும் மீதியில் முதலாவதாக ஏறியது. போனஸோடு 4. மற்ற இருவருக்கும் ஒவ்வொன்று.

2015இல் 4, 2020இல் 3, 2024இல் வீடும் சங்கும் பிரிந்து நின்று ஒவ்வொன்றாக 2. இதை வேதனையோடுதான் எழுதுகிறேன். முன்னர் ஒரே வீட்டுச் சின்னத்தில் நின்ற ரெலோ, புளொட் கட்சிகள் இரண்டும் ஈ.பி.ஆர்.எல்.எவ் கட்சியோடு சேர்ந்து சங்குச் சின்னத்துக்குப் போன பிறகு நடந்த முதல் பாராளுமன்றத் தேர்தல் இது. இரண்டையும் கூட்டினால் 50,813. திசைகாட்டியை விட 10,919 கூட. போனஸ் யாருக்குப் போயிருக்கும் என்று கணக்குப்பிள்ளை அண்ணை போட்டுக் காட்டட்டும்.

கணக்குப்பிள்ளை எழுதியது:

மொத்தம் மாறாது, விலை அதே 28,130. ஒன்றுபட்ட பட்டியல் 50,813: முழு விலையில் 1, மீதி 22,683. திசைகாட்டி 1, தொலைபேசி 1. மிச்சம் இரண்டு ஆசனமும் மீதியில் 22,683க்கும் 17,710க்கும். போனஸ் ஒன்றுபட்ட பட்டியலுக்கு. முடிவு: தமிழ்ப் பட்டியலுக்கு 3, திசைகாட்டிக்கு 1, தொலைபேசிக்கு 1, தொழிலாளர் கட்சிக்கு 1.

இதில் ஒன்றைக் கவனியுங்கோ. பிரிந்து நின்றதால் சாதாரண ஆசனம் எதுவும் போகவில்லை. பிரிந்தும் 2, சேர்ந்தாலும் போனஸ் இல்லாமல் 2. போனது போனஸ் மட்டும். 'வாக்குச் சிதறி எல்லாம் போச்சு' என்று பொதுவாகச் சொல்வது பிழை. எது போனது, ஏன் போனது என்று துல்லியமாகச் சொன்னால்தான் அடுத்த முறை திருத்தலாம்.

முறிகண்டியான் எழுதியது:

தாளில் கூட்டுவது சுகம். வீட்டுக்கு வாக்குப் போட்டவர் எல்லாரும் சங்கும் சேர்ந்த பட்டியலுக்குப் போடுவார் என்று ஆர் சொன்னது? அந்தக் கட்சிகளுக்குள் இருந்த கோபத்தாலேயே கொஞ்சப் பேர் சங்குக்குப் போட்டவை. சேர்ந்தால் அந்தக் கொஞ்சப் பேர் திசைகாட்டிக்குப் போயிருப்பினம், இல்லையென்றால் வீட்டிலேயே இருந்திருப்பினம். யாழ்ப்பாணத்திலும் திசைகாட்டி 80,830 எடுத்து 6இல் 3 எடுத்தது. அந்த அலையைக் கணக்குக்குள் எடுக்காமல் கதைக்க முடியாது.

கணக்குப்பிள்ளை எழுதியது:

நியாயமான மறுப்பு, அதையும் எண்ணால் பார்க்கலாம். 50,813இல் வாக்களிக்காமல் ஒதுங்குபவர்கள் 10,918 பேர் வரை இருந்தாலும் அந்தப் பட்டியல் ஒரு வாக்கால் முன்னுக்கு நிற்கும். அதாவது ஐந்தில் ஒருவர் ஒதுங்கினாலும் தாங்கும். ஆனால் ஒதுங்காமல் நேரே திசைகாட்டிக்குப் போனால் ஒவ்வொரு வாக்கும் இரட்டிப்பாக அடிக்கும்: இங்கே ஒன்று குறைய, அங்கே ஒன்று கூட. அந்த வழியில் தாங்குகிற அளவு 5,459 பேர்தான், பத்தில் ஒருவர்.

என் தீர்மானம்: பத்தில் ஒருவர் மாறுவது அந்த அலையில் நடக்கக்கூடியதுதான், அதனால் போனஸ் நிச்சயம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் போனஸுக்குப் போட்டி போடுகிற நிலையில்கூட ஒருவரும் இல்லாமல் பிரிந்து நின்றது பிழையான ஏற்பாடு. 6 ஆசன மாவட்டத்தில் போனஸ் என்பது ஆறில் ஒன்று. பெரிய மாவட்டமான கம்பகாவில், கொழும்பில் அதே போனஸ் பத்தொன்பதில் ஒன்று, பதினெட்டில் ஒன்று என்று கரைந்துவிடும். சின்ன மாவட்டத்தில் முதலாவதாக வருவதன் பெறுமதி மிகப் பெரிது, அதை எங்கட கட்சிகள் வேட்புமனு மேசையில் கணக்கெடுப்பதில்லை.

சிலாவத்துறை எழுதியது:

பட்டியலைத் தெரிவு செய்வதில் இந்தக் கணக்கை நன்றாகப் பயன்படுத்தியவர்களும் இருக்கினம். வன்னி வேட்பாளர் காதர் மஸ்தான் 2015இல் சுதந்திர முன்னணி, 2020இல் மொட்டு, 2024இல் தொழிலாளர் கட்சி. மூன்று முறையும் ஒரு ஆசனம். 2020இல் அந்த ஒரு ஆசனத்துக்குப் பின்னால் 42,524 வாக்கு இருந்தது, 2024இல் 17,710. இன்னொரு வேட்பாளர் றிசாட் பதியுதீன் 2015இல் யானை, 2020இலும் 2024இலும் தொலைபேசி. தனியாக ஒரு முழு விலைக்கு வாக்கு இல்லாத தரப்புக்கு இரண்டு வழி: பெரிய பட்டியலுக்குள் போய் விருப்பு வாக்கால் (பட்டியலுக்குள் வேட்பாளருக்குப் போடுகிற வாக்கு) முன்னுக்கு வருவது, அல்லது சின்னப் பட்டியலோடு மீதியைக் குறி வைப்பது. இரண்டும் வன்னியில் வேலை செய்திருக்கு.

இன்னொன்று. 1990 ஒக்ரோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் சனத்தில் பலர் புத்தளத்தில் இருந்துகொண்டு மன்னார் வாக்காளராகப் பதிவில் நின்றவை. அதனால் 2010, 2015 முடிவுகளில் 'இடம்பெயர்ந்தோர் வாக்கு' என்று தனி வரி வந்தது. பழைய முடிவை மன்னார், முல்லைத்தீவு, வவுனியா என்று மூன்றாகப் பிரித்துக் கூட்டினால் மாவட்ட மொத்தத்தோடு ஒத்துப் போகாது. தபால் வாக்கையும் இந்த வரியையும் சேர்த்தால்தான் நேராகும். 2019 நவம்பர் ஜனாதிபதித் தேர்தல் அன்று புத்தளத்திலிருந்து மன்னாருக்கு வாக்களிக்க வந்த பஸ்களைத் தந்திரிமலைப் பக்கம் மறித்துத் தாக்கினார்கள். வாக்குரிமை இருந்தும் போய்ச் சேருவதே பெரும்பாடு என்ற சனத்தின் வாக்கு அது. அதைப் பட்டியலில் ஒரு சின்ன வரியாகத் தாண்டிப் போகாதீங்கோ.

நாயாறு எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. இப்ப விளங்குது. இன்னும் இரண்டு கேள்வி. கிளிநொச்சியும் வன்னிதானே, அது ஏன் இந்த முடிவில் இல்லை? மற்றது, முல்லைத்தீவுக்கு என்று தனியாக ஆசனம் ஒதுக்கப்பட்டிருக்கோ?

பாலைமரம் எழுதியது:

கிளிநொச்சி நிலத்தால் வன்னி, தேர்தலால் யாழ்ப்பாணம். யாழ் தேர்தல் மாவட்டத்தின் பதினொரு தொகுதிகளில் கிளிநொச்சி ஒன்று. வன்னித் தேர்தல் மாவட்டத்துக்குள் மன்னார், வவுனியா, முல்லைத்தீவு மூன்று நிர்வாக மாவட்டமும் மூன்று தொகுதியாக வரும். முறிகண்டியில் ஒரு பக்கத்து வீட்டுக்காரரும் மறுபக்கத்து வீட்டுக்காரரும் வேறு வேறு வாக்குச்சீட்டுப் பிடிக்கிறது அதனால்தான்.

தொகுதிக்கு ஆசனம் இல்லை. 1989இலிருந்து பாராளுமன்றத் தேர்தல் மாவட்ட விகிதாசாரம். தொகுதி முடிவு அறிவிப்பதற்கு மட்டும். 'முல்லைத்தீவில் ஆர் வென்றது' என்ற கேள்விக்கு வாக்கு எண்ணிக்கை உண்டு, ஆசனம் கிடையாது. 2024இல் முல்லைத்தீவைச் சேர்ந்த துரைராசா ரவிகரன் போனது வீட்டுப் பட்டியலில் விருப்பு வாக்கால் முன்னுக்கு வந்ததால்.

6 ஆசனம் எப்படி வந்தது என்பதையும் தெரிந்து வைத்திருங்கோ. மாவட்டங்களால் தெரிவாகும் 196இல் 160 பதிவு செய்த வாக்காளர் தொகைப்படி பிரிபடும். மற்ற 36 மாகாணத்துக்கு 4 வீதம். வடக்கில் தேர்தல் மாவட்டம் இரண்டே என்பதால் அந்த 4ம் யாழ்ப்பாணத்துக்கும் வன்னிக்கும் இடையில். வாக்காளர் தொகையை மட்டும் பார்த்தால் வன்னிக்கு மூன்றளவில்தான் வரும். 2024இல் யாழ்ப்பாணத்தில் ஏறத்தாழ 6 லட்சம் வாக்காளருக்கு 6 ஆசனம், வன்னியில் 3 லட்சத்துச் சொச்சத்துக்கும் 6. யாழ்ப்பாணம் 2010இல் 9 ஆக இருந்து 7க்கு இறங்கியது இடாப்பு மெலிந்ததால், பிறகு 6க்கு இறங்கியது நாட்டின் மொத்த இடாப்பில் அதன் பங்கு குறைந்ததால். வன்னியில் ஒவ்வொரு வருடமும் இடாப்புத் திருத்தம் வரும்போது கிராம அலுவலரிடம் பெயரைப் பார்க்கச் சொல்லி நாங்கள் தலைபாடாக அடிக்கிறது இதற்குத்தான். பெயர் விடுபட்டால் ஒருவரின் வாக்கு மட்டும் போவதில்லை, மாகாணத்தின் பங்கும் சேர்ந்து மெலியும்.

வவுனிக்குளம் எழுதியது:

விருப்பு வாக்கு பற்றிக் கதை வந்ததால் வாக்குச்சீட்டில் நடக்கிற பிழைகளையும் எழுதிவிடுகிறேன். வாக்கெண்ணும் மண்டபத்தில் கட்சிக்காக நிற்கிற முகவர்களுக்குக் கட்டாயம் தெரிய வேணும்.

கட்சிக்கு ஒரு புள்ளடி (X அடையாளம்). அதன் பிறகு அதே கட்சியின் வேட்பாளர் இலக்கங்களில் மூன்று வரை புள்ளடி. வன்னியில் ஒரு பட்டியலில் 9 பேர், அதாவது ஆசனம் 6, கூட 3. விருப்பு வாக்குப் போடாமல் விட்டாலும் கட்சி வாக்குச் செல்லும். நான்கு இலக்கத்தில் போட்டால் கட்சி வாக்குச் செல்லும், விருப்பு வாக்கு நான்கும் போகும். கட்சிக்குப் போடாமல் இலக்கத்துக்கு மட்டும் போட்டால் சீட்டே நிராகரிப்பு. வயதானவர்கள் 'எங்கட ஊர்ப் பெடியன்ர நம்பர்' என்று இலக்கத்தை மட்டும் மனப்பாடம் பண்ணிக்கொண்டு போய் விடுகிற பிழை இது, ஒவ்வொரு வாக்கெண்ணும் மண்டபத்திலும் கட்டாகக் கிடக்கும். இரண்டு கட்சிக்குப் புள்ளடி போட்டாலும் நிராகரிப்பு. பெயர், கையெழுத்து, ஆளை அடையாளம் காட்டுகிற எதுவும் எழுதினாலும் நிராகரிப்பு.

2024இல் இன்னொரு குழப்பம் சேர்ந்தது. செப்ரெம்பர் 21 ஜனாதிபதித் தேர்தலில் 1, 2, 3 என்று எழுதச் சொல்லிக் கொடுத்தோம். எட்டுக் கிழமைக்குள் பாராளுமன்றத் தேர்தல், அங்கே புள்ளடி. இரண்டு தேர்தல் கிட்டக் கிட்ட வந்தால் பிரசுரத்தில் சீட்டின் மாதிரியைப் பெரிதாக அச்சடித்துப் புள்ளடி போட்டே காட்ட வேணும். வேட்பாளரின் முகத்துக்கு முழுப் பக்கம் கொடுத்துவிட்டுச் சீட்டு மாதிரியை மூலையில் முத்திரை அளவில் போடுகிற பழக்கத்தை விட வேணும்.

அடம்பன்குளம் எழுதியது:

இதோடு சேர்த்து ஒன்று. 2024இல் ஆசனம் எடுத்த ஐந்து பட்டியலும் சேர்ந்து 1,40,649. செல்லுபடியான வாக்கு 1,95,800 அளவில். ஆக ஏறத்தாழ 55,000 வாக்கு ஒரு ஆசனமும் கிடைக்காத பட்டியல்களுக்குப் போனது. கணக்குப்பிள்ளை சொன்ன விலைப்படி இரண்டு ஆசனத்துக்குக் கிட்ட. சுயேச்சைக் குழுவுக்குக் கட்டுப்பணம் வேட்பாளருக்கு 2,000 ரூபா, ஒன்பது பேருக்கு 18,000. அங்கீகரிக்கப்பட்ட கட்சிக்குக் கட்டுப்பணமே இல்லை. அதனால் பட்டியல் பெருகுகிறது. போட்டியிடும் உரிமையை நான் மறுக்கவில்லை. ஆனால் 9,800ஐ எட்ட வழியில்லை என்று தெரிந்தும் மூன்று மாவட்டத்திலும் ஆள் பிடித்து இறங்குபவர்கள், தங்களுக்குப் போடுகிற சனத்துக்கு அந்த எண்ணைச் சொல்ல வேண்டும்.

நாயாறு எழுதியது:

கடைசியாக: வாக்கெண்ணும் இரவில் முகவர் இதை எப்படிச் செய்ய வேணும்? இடையில் ஒரு எம்.பி. விலகினால் இடைத்தேர்தல் வருமோ?

கணக்குப்பிள்ளை எழுதியது:

ஒரு தாளில் பட்டியல் ஒவ்வொன்றுக்கும் ஒரு வரி. தபால், மன்னார், முல்லைத்தீவு, வவுனியா, மொத்தம் என்று ஐந்து நிரல். ஒவ்வொரு மண்டபத்திலும் அறிவிக்கிற எண்ணை அங்கிருக்கிற முகவர் எழுதி அனுப்ப வேணும், செவிவழி எண்ணை நிரப்பக் கூடாது. நான்கு நிரலும் நிறையும்வரை ஆசனம் கணக்கிட வேண்டாம். தபால் முடிவு முதலில் வரும், அதில் அரச ஊழியர் வாக்குத்தான், மாவட்டத்தின் போக்கை அது காட்டாது. மன்னார் முடிவை வைத்துப் போனஸ் சொல்வதும் அப்படித்தான். மூன்று தொகுதியின் வாக்காளர் சேர்க்கை மூன்று விதம்.

மொத்தம் நிறைந்ததும் முதலில் 5 சதவீதக் கோட்டுக்கு மேலும் கீழும் 500 வாக்குக்குள் நிற்கிற பட்டியல் ஏதும் இருக்கோ என்று பாருங்கோ. இருந்தால் அந்தப் பட்டியலின் நிராகரிக்கப்பட்ட சீட்டுகளையும் மண்டப எண்ணிக்கையையும் அப்போதே கேட்டுச் சரிபார்க்க வேணும். மீள எண்ணக் கேட்பதென்றாலும் மண்டபத்தில் எண்ணிக்கை முடிந்த கையோடு கேட்பதுதான் பலன் தரும், மாவட்ட முடிவு வாசித்த பிறகு வாக்குவாதப்பட்டு ஒன்றும் ஆகாது. அடுத்து, கடைசி மீதிக்கும் அதற்கு அடுத்த மீதிக்கும் உள்ள இடைவெளி. 2020இல் அது 1,113. 2024இல் 17,710க்கும் 11,764க்கும் இடையில் 5,946. 2020 மாதிரி இரவில்தான் ஒரு மண்டபத்தில் விடுகிற கூட்டல் பிழை ஆளை மாற்றும்.

இடைத்தேர்தல் கிடையாது. மாவட்ட எம்.பி. ஒருவரின் இடம் வெறுமையானால் அதே பட்டியலில் விருப்பு வாக்கில் அடுத்து நிற்பவர் போவார். அதனால் தோற்ற வேட்பாளரின் விருப்பு வாக்கு எண்ணிக்கையும் ஐந்து வருடத்துக்குப் பெறுமதியானது, அந்தத் தாளை எறிய வேண்டாம். தேசியப் பட்டியல் 29 வேறு கணக்கு: நாடு முழுவதும் எடுத்த வாக்கில் பிரிபடும், ஆளைக் கட்சிதான் பெயரிடும். 2024இல் தமிழரசுக் கட்சிக்கு மாவட்டங்களில் 7, தேசியப் பட்டியலில் 1. அந்த ஒன்று வவுனியாவைச் சேர்ந்த வைத்தியர் ப. சத்தியலிங்கத்துக்குப் போனது. ஆகவே வன்னி மண்ணிலிருந்து பாராளுமன்றம் போனவர்களை எண்ணும்போது ஆறோடு நிறுத்தாதீங்கோ.